மூடிய முகங்கள்: கலையிலும் கதையிலும் முகத்திரை – அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

ஒரு துணியைப் பற்றி இவ்வளவு பேச என்ன இருக்கிறது?

கோபம், துக்கம், வெட்கம், ஆசை எல்லாமே முகத்தில்தான் தெரியும். சிற்பியும் ஓவியரும் கதாசிரியரும் அதை நம்பித்தான் பிழைக்கிறார்கள். அப்படியிருக்க ஒருவர் வேண்டுமென்றே முகத்தை மூடிவிட்டு வேலையைத் தொடங்கினால், அதற்குக் காரணம் இருக்கும். பார்ப்பவர்களுக்கு முதலில் தோன்றும் கேள்வி, "திரைக்குப் பின்னால் என்ன?" என்பது. எனக்கு அதைவிடப் பெரிதாகப்படுவது, "இந்தத் திரையை விலக்க யாருக்கு உரிமை?" என்ற கேள்வி. கீழே நான் சொல்லப்போகும் படைப்புகளில் காலம் கடந்து நிற்பவை இந்த இரண்டாவது கேள்வியோடு மல்லுக்கட்டியவை. முதல் கேள்விக்கு அவசரமாகப் பதில் சொன்னவை கொஞ்சம் சறுக்கியிருக்கின்றன.

ஒரே ஒரு படைப்பைத்தான் பார்க்க முடியும் என்றால் எதைப் பார்ப்பது?

இத்தாலியில் நேப்பிள்ஸ் நகரத்தின் பழைய தெருக்களுக்கு நடுவே சான்செவெரோ என்ற சின்னத் தேவாலயம் இருக்கிறது. அதன் நடுக்கூடத்தில் கிடக்கும் 'திரையிட்ட கிறிஸ்து'தான் என் பதில். ஜுசெப்பே சான்மார்ட்டினோ 1753-ல் செதுக்கியது. அப்போது அவருக்கு 33 வயது. பெயர் பெற்ற சிற்பி இல்லை. வேலையைக் கொடுத்தவர் சான்செவெரோவின் இளவரசர் ராய்மோந்தோ தி சாங்க்ரோ. முதலில் இந்த வேலை அன்டோனியோ கொர்ராதீனி என்ற வெனிஸ் நகரத்து மூத்த சிற்பியிடம் போனது. முகம் மூடிய பெண் சிலைகளுக்குப் பேர்போனவர் அவர். களிமண்ணில் ஒரு மாதிரி செய்து வைத்துவிட்டு 1752-ல் இறந்துபோனார். அதற்குப் பிறகுதான் வேலை இளைஞரின் கைக்கு வந்தது.

ஆள் உயரச் சிலை. சிலுவையிலிருந்து இறக்கிய உடல், மெத்தைமேல், இரண்டு தலையணைகளில் தலை சாய்த்துக் கிடக்கிறது. உச்சி முதல் பாதம் வரை ஒரு மெல்லிய துணி. கிட்டப் போய்ப் பார்த்தால் நெற்றியில் ஒரு நரம்பு புடைத்திருப்பது துணிக்கு அடியில் தெரியும். மூக்குத் துவாரங்களின் பக்கம் துணி லேசாக உள்வாங்கியிருக்கும். கையிலும் காலிலும் ஆணி இறங்கிய குழிகளின்மேல் துணி பள்ளம் விழுந்து படிந்திருக்கும். காலடியில் முள்முடி, குறடு, ஆணிகள். சவத்தின்மேல் துணி போர்த்துவது எல்லா ஊரிலும் வழக்கம். ஆனால் போர்த்திய பிறகு அந்த உடலின் வேதனை இன்னும் கூடித் தெரியும்படி செய்தது சான்மார்ட்டினோவின் கை.

அந்தத் துணியை விலக்கலாம் என்று மனம் சொல்லும், கைகூட நீளும். அது கல். யாராலும் விலக்க முடியாது. இந்தச் சிலையின் பலமே அங்கேதான் என்று நினைக்கிறேன்.

இளவரசர் ரசவாதி, நிஜத் துணியைத்தான் கல்லாக்கினார் என்கிறார்களே?

அது வெறும் கதை. தி சாங்க்ரோ வேதியியல் சோதனைகளில் மூழ்கிக் கிடந்தவர், ரகசியச் சங்கங்களில் இருந்தவர். ஊர் அவரை மந்திரவாதியாகவே பார்த்தது. அதனால் சிலையின்மேல் நிஜத் துணியைப் போட்டு, ஏதோ ரசாயனத்தை ஊற்றிக் கல்லாக்கிவிட்டார் என்ற பேச்சு கிளம்பி, இன்றுவரை ஓயவில்லை. நேப்பிள்ஸ் வங்கி ஆவணங்களில் சிற்பிக்குப் பணம் கொடுத்த சீட்டு இருக்கிறது. அதிலேயே "திரையும் பளிங்கில்" என்ற பொருளில் தெளிவாக எழுதியிருக்கிறார்கள். இளவரசரும் தன் கடிதங்களில் உடலும் துணியும் ஒரே கல்லில் செய்தவை என்றே சொல்கிறார். கல்லைப் பார்த்தாலும் அதுதான் தெரிகிறது.

இந்த வதந்தி என்னை வருத்தப்படுத்தும். ஒரு மனிதர் உளியும் உப்புத்தாளும் வைத்துக்கொண்டு மாதக்கணக்கில் உழைத்ததை, ஒரு சட்டி ரசாயனத்தின் கணக்கில் எழுதிவிடுகிறார்கள்.

கல்லுக்குப் பின்னால் இருப்பது எப்படித் தெரியும்? அது கண்ணாடி இல்லையே?

பின்னால் ஒன்றும் இல்லை என்பதுதான் விஷயம். முகம் தனி, துணி தனி என்று இரண்டு அடுக்கு அங்கே கிடையாது. இருப்பது ஒரே ஒரு மேற்பரப்பு. நம் கண்தான் அதை இரண்டாகப் பிரித்துக்கொள்கிறது.

எப்படி என்று புரிய, ஒரு மெல்லிய மல் துணியை நனைத்துப் பிழிந்து முகத்தில் போட்டுக் கண்ணாடியில் பாருங்கள். நெற்றி, மூக்கு நுனி, கன்னத்து எலும்பு, உதடு, முகவாய் ஆகிய மேடுகளில் துணி ஒட்டிக்கொள்ளும். அங்கே மடிப்பு இருக்காது. மூக்கின் இரு பக்கமும், கண் குழியிலும், கழுத்திலும் துணி விறைத்து நிற்கும், இல்லையென்றால் மடிந்து சுருங்கும். சிற்பி இந்தக் கணக்கை அப்படியே கல்லில் எழுதுகிறார். முகத்தின் கூர்மையை ஒரு படி குறைக்கிறார். இமையின் விளிம்பு, உதட்டின் கோடு எல்லாம் கொஞ்சம் மழுங்கியிருக்கும். அதன்மேல் மயிரிழை போன்ற மடிப்பு வரிகளை முகத்தின் அமைப்பைப் பற்றிக் கவலைப்படாமல் நெற்றியிலிருந்து கழுத்துவரை ஓடவிடுகிறார். வரிகள் துணியுடையவை, மேடுபள்ளம் முகத்துடையது என்று நம் மூளை பிரித்துவிடும். நல்ல வெள்ளைப் பளிங்குக்குள் ஒளி கொஞ்சம் நுழைந்து சிதறித் திரும்பும். அந்த மெல்லிய ஒளிர்வும் கைகொடுக்கிறது. துணி முடியும் ஓரத்தில் மட்டும் கல்லை உள்ளே குடைந்து விளிம்பைக் காகிதம்போல் மெலிதாக்குவார்கள். அந்த ஓரம் சரியாக அமைந்துவிட்டால் மீதி எல்லாவற்றையும் கண் நம்பிவிடும்.

இது ஐரோப்பியரின் தனிச் சொத்து இல்லை. சாரநாத்தில் 5-ம் நூற்றாண்டில் செய்த புத்தர் சிலைகளைப் பாருங்கள். உடலோடு ஒட்டிய ஆடை, மடிப்பே கிடையாது. கழுத்தருகே ஒரு கோடும் கீழே ஓரத்தில் ஒரு விளிம்பும் மட்டும்தான். அதை வைத்தே முழு ஆடையையும் உணர்த்திவிடுகிறார்கள். அங்கே முகம் மூடப்படவில்லை, அவ்வளவுதான்.

அதே தேவாலயத்தில் வேறு சிலைகளும் உண்டாமே?

உண்டு. இரண்டைச் சொல்கிறேன். கொர்ராதீனி இறப்பதற்கு முன் முடித்த 'நாணம்' என்ற பெண் சிலை (1752). உடல் முழுக்க மெல்லிய திரை. பக்கத்தில் உடைந்த கல்வெட்டுப் பலகை. இளவரசர் இதைத் தன் தாய்க்கு எழுப்பினார். அவருக்கு ஒரு வயதாகும் முன்பே தாய் இறந்துவிட்டார். தாயின் முகமே நினைவில் இல்லாத ஒரு பிள்ளை, தாய்க்கு முகம் மூடிய சிலை வைத்திருக்கிறார். இதை அறிந்துகொண்டு பார்ப்பவருக்குச் சிலையின் அழகைவிட அந்த உடைந்த பலகைதான் கண்ணில் நிற்கும்.

இன்னொன்று தந்தைக்காக: வலையில் சிக்கிய ஒரு மனிதன் தன்னை விடுவித்துக்கொள்கிறான். பிரான்செஸ்கோ குவெய்ரோலோ செதுக்கியது. வலையின் ஒவ்வொரு முடிச்சும் கல்.

இதைப் பார்க்க இத்தாலிவரை போக முடியாது. பக்கத்தில் ஏதாவது?

ஹைதராபாத் போதும். சாலார் ஜங் அருங்காட்சியகத்தில் 'முகத்திரை ரெபேக்கா' நிற்கிறாள். ஜொவான்னி மரியா பென்சோனி செய்த சிலை. ஹைதராபாத் சமஸ்தானத்தின் திவானாக இருந்த முதலாம் சாலார் ஜங் 1876-ல் ரோம் போனபோது வாங்கி வந்தது. பென்சோனியின் பட்டறையில் இதே உருவத்துக்குப் பல பிரதிகள் செய்தார்கள், வேறு நாட்டு அருங்காட்சியகங்களிலும் அவை உண்டு. வெள்ளிக்கிழமை விடுமுறை, பார்த்துப் போங்கள்.

கதை பைபிளின் ஆதியாகமம் 24-ம் அதிகாரத்தில் வருகிறது. ஆபிரகாமின் வேலைக்காரன் ஈசாக்குக்குப் பெண் தேடிப் போகிறான். கிணற்றடியில் தனக்கும் தன் ஒட்டகங்களுக்கும் தண்ணீர் மொண்டு ஊற்றிய ரெபேக்காவை அழைத்து வருகிறான். வயல்வெளியில் எதிரே நடந்துவரும் மனிதர் யார் என்று அவள் கேட்கிறாள். அவர்தான் மணமகன் என்று தெரிந்ததும் ஒட்டகத்திலிருந்து இறங்கி, தானே முக்காட்டை எடுத்து மூடிக்கொள்கிறாள். யாரும் சொல்லவில்லை, யாரும் மூடிவிடவில்லை. சிலையின் முன் நிற்கும் பலரும் "கல்லில் எப்படி இப்படி!" என்று வியந்துவிட்டு நகர்ந்துவிடுகிறார்கள். வியக்க வேண்டியதுதான். கூடவே, அவள் தன் கையால் செய்த ஒரு செயலின் நடுவே நிற்கிறாள் என்பதையும் நினைத்துக்கொண்டு பாருங்கள்.

19-ம் நூற்றாண்டில் ஏன் இத்தனை பேர் முகத்திரைச் சிலை செய்தார்கள்?

விற்றது, அதனால் செய்தார்கள். மிலானில் பிறந்த ரஃபாயேலே மோந்தி இங்கிலாந்தின் டெவன்ஷயர் பிரபுவுக்காக ஒரு திரையிட்ட கன்னிப் பூசாரியைச் செய்தார் (1847). அது இன்றும் சாட்ஸ்வர்த் மாளிகையில் இருக்கிறது. அதன்பின் இந்த உத்திக்கு லண்டனில் நல்ல மதிப்பு. 1848 கலவரத்துக்குப் பிறகு மோந்தி இத்தாலியை விட்டு வெளியேறி அங்கேயே தங்கினார். துண்டுதுண்டாகக் கிடந்த இத்தாலி ஒன்றாகிக்கொண்டிருந்த காலம் அது. துயில் கொண்ட, முகம் மூடிய பெண்ணைத் தாய்நாடாகப் பார்த்தவர்களும் உண்டு.

ஜொவான்னி ஸ்ட்ராசாவின் 'திரையிட்ட கன்னி மரியாள்' கனடாவின் நியூஃபவுண்ட்லாந்து தீவில், செயின்ட் ஜான்ஸ் நகரக் கன்னியர் மடத்தில் இருக்கிறது. 1856 டிசம்பரில் அது வந்து சேர்ந்ததை அந்த ஊர் ஆயர் நாட்குறிப்பில் எழுதிவைத்திருக்கிறார். கண் மூடிய முகம், துணிக்கு அடியில் பின்னிய கூந்தல். அந்தக் காலத்துச் சிலைகளில் எனக்குப் பிடித்தது இதுதான். மற்றவற்றில் பல, வித்தை காட்டுவதோடு நின்றுவிடுகின்றன. துணியை எடுத்துவிட்டால் அங்கே சாதாரண ஒரு அழகிய முகம்தான் மிஞ்சும்.

ஓவியத்தில் முகத்திரை எப்போது வந்தது?

ரோமானிய எழுத்தாளர் பிளினி சொல்லும் கிரேக்கக் கதைகள் இரண்டு. ஸெவ்க்ஸிஸ் திராட்சை வரைந்தார். பறவைகள் கொத்த வந்தன. பெருமையோடு போட்டியாளர் பர்ராசியஸிடம் போய், "உன் ஓவியத்தின்மேல் இருக்கும் திரையை விலக்கு" என்றார். அந்தத் திரைதான் ஓவியம். தோல்வியை ஒத்துக்கொண்டார். பறவையை ஏமாற்றத் திராட்சை வேண்டும், மனிதனை ஏமாற்ற மூடிய துணி ஒன்றே போதும்.

இரண்டாவது கதை இன்னும் ஆழம். டிமாந்தெஸ் என்ற ஓவியர், இஃபிஜீனியாவைப் பலி கொடுக்கும் காட்சியை வரைந்தார். சுற்றி நிற்பவர்களின் துயரத்தை ஒவ்வொரு முகத்திலும் படிப்படியாகக் கூட்டிக் காட்டியவர், பெற்ற தகப்பன் அகமெம்னோனிடம் வந்ததும் முகத்தைத் துணியால் மூடிவிட்டார். மகளைப் பலியிடும் தகப்பனின் முகத்தை எப்படி வரைந்தாலும் குறையும். அந்த ஓவியம் அழிந்துவிட்டது. பொம்பெயியில் ஒரு வீட்டுச் சுவரில் இதே காட்சி கிடைத்து, இப்போது நேப்பிள்ஸ் தொல்பொருள் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. அதில் ஓர் ஓரத்தில், தலையோடு முகத்தை மூடித் திரும்பி நிற்கிறார் அகமெம்னோன்.

பிற்காலத்திலிருந்து ஒன்றே ஒன்று சொல்கிறேன். 1649-ல் குளோத் மெல்லான் என்ற பிரெஞ்சுக்காரர் செதுக்கிய செப்புத்தகட்டு அச்சுப்படம். சிலுவை சுமந்துபோன இயேசுவின் முகத்தை வெரோனிக்கா என்ற பெண் துடைத்த துணியில் அந்த முகமே பதிந்தது என்பது கிறிஸ்தவ மரபுக் கதை. மெல்லான் அந்த முகத்தை ஒரே கோட்டில் வரைந்தார். மூக்கு நுனியில் தொடங்கும் கோடு சுருள்சுருளாக வெளியே விரிந்துகொண்டே போகும். எங்கும் இன்னொரு கோடு அதைக் குறுக்கே வெட்டாது. கோடு தடிக்கும் இடத்தில் நிழல், மெலியும் இடத்தில் வெளிச்சம். இங்கே துணி முகத்தை மூடவில்லை. துணியில்தான் முகம் இருக்கிறது.

துணி போர்த்திய தலைகளோடு முத்தமிடும் ஜோடி ஓவியம் யாருடையது?

பெல்ஜியத்தின் ரெனே மக்ரித் 1928-ல் வரைந்த 'காதலர்கள்'. நியூயார்க் நவீனக் கலை அருங்காட்சியகத்தில் இருக்கிறது. மக்ரித்துக்கு 13 வயதில் அவர் தாய் ஆற்றில் விழுந்து உயிரை மாய்த்துக்கொண்டார். உடலை எடுத்தபோது இரவு உடை முகத்தைச் சுற்றியிருந்தது என்று ஒரு கதை உண்டு. அதை வைத்து ஓவியத்துக்கு விளக்கம் சொல்வதை மக்ரித் விரும்பியதில்லை. நாமும் விட்டுவிடலாம். இரண்டு பேர் இவ்வளவு நெருக்கத்தில் இருந்தும் ஒருவரை ஒருவர் தொட முடியாமல் துணியையே தொட்டுக்கொண்டிருக்கிறார்கள். கல்யாணமாகி வருடங்கள் ஆன யாருக்கும் இதற்கு உரை தேவைப்படாது.

கதைகளில் எதிலிருந்து தொடங்கலாம்?

அமெரிக்கரான நத்தானியேல் ஹாதார்னின் 'பாதிரியாரின் கருந்திரை'. 1830-களில் வந்த சிறுகதை, ஒரே மூச்சில் படித்துவிடலாம். ஹூப்பர் என்ற நல்ல, சாதுவான பாதிரியார் ஒரு ஞாயிற்றுக்கிழமை முகத்தில் கறுப்புத் துணி கட்டிக்கொண்டு பிரசங்கத்துக்கு வருகிறார். வாயும் முகவாயும் மட்டும் தெரிகின்றன. ஏன் என்று சொல்லவில்லை. சாகும்வரை எடுக்கவும் இல்லை.

கதையின் வலிமை சின்னச் சின்னக் காட்சிகளில் இருக்கிறது. பிரசங்கம் செய்யும்போது அவர் மூச்சில் துணி அசைகிறது. ஒரு கல்யாண வீட்டில் மணமக்களை வாழ்த்தி மதுக்கிண்ணத்தை உயர்த்துகிறார். எதிரே கண்ணாடி. தன்னையே ஒரு கணம் பார்த்துவிட்டு நடுங்கி, மதுவைக் கம்பளத்தில் கொட்டிவிட்டு இருட்டுக்குள் ஓடுகிறார். மணம் பேசிய எலிசபெத் மட்டும் நேராக வந்து, "ஒரே ஒருமுறை எடுங்கள்" என்கிறாள். அவளுக்காகவும் எடுக்கவில்லை. மரணப்படுக்கையில் இன்னொரு பாதிரியார் துணியை விலக்கக் குனிகிறார். அதுவரை அசைவற்றுக் கிடந்தவர் இரண்டு கைகளாலும் அதை இறுக்கிப் பிடித்துக்கொள்கிறார். உங்கள் ஒவ்வொருவர் முகத்திலும் கருந்திரையைப் பார்க்கிறேன் என்கிறார். துணியோடுதான் புதைக்கிறார்கள்.

என்ன பாவம் செய்தார்? ஹாதார்ன் சொல்லவில்லை. அமெரிக்காவின் மெய்ன் பகுதியில் ஜோசப் மூடி என்ற பாதிரியார், இளவயதில் தற்செயலாக நண்பனைக் கொன்றதால் முகம் மூடி வாழ்ந்தார் என்று அடிக்குறிப்பில் மட்டும் ஒரு தகவல் தருகிறார். ஆனால் ஹூப்பரின் காரணம் வேறு என்றும் அங்கேயே எழுதிவிடுகிறார். அதாவது சாவியை நம்மிடம் காட்டிவிட்டு, இந்தப் பூட்டுக்கு இது இல்லை என்கிறார்.

கடைசியில் திரையை விலக்கிக் காட்டிவிடும் கதைகளும் உண்டே?

உண்டு. ஆன் ராட்க்ளிஃப் 1794-ல் எழுதிய 'உதோல்ஃபோவின் மர்மங்கள்' நாவலில், மலைக்கோட்டையில் அடைபட்ட எமிலி ஒரு கருந்திரையை விலக்கிப் பார்த்து மயங்கி விழுகிறாள். என்ன பார்த்தாள் என்பதை நூற்றுக்கணக்கான பக்கங்கள் தள்ளி, முடியப்போகும்போது சொல்கிறார்: அழுகிய பிணம்போல் செய்த ஒரு மெழுகுப் பொம்மை. அந்தக் காலத்து வாசகர்கள் தூக்கமில்லாமல் காத்திருந்த பதில் இது. காத்திருந்த பயம் எவ்வளவு பெரியது, கிடைத்த பதில் எவ்வளவு சின்னது!

ஜெர்மன் கவிஞர் ஷில்லர் 1795-ல் ஒரு கவிதையில் வேறு வழி எடுத்தார். எகிப்தின் சாயிஸ் கோயிலில் திரையிட்ட சிலை. அதுதான் உண்மை, நானே தூக்கும்வரை யாரும் திரையைத் தொடக்கூடாது என்பது தெய்வத்தின் வாக்கு. அறிவுப் பசி கொண்ட இளைஞன் இரவில் போய்த் தூக்கிவிடுகிறான். காலையில் வெளிறி, நினைவிழந்து கிடக்கிறான். என்ன பார்த்தான் என்று யாரிடமும் சொல்லாமல் சீக்கிரமே இறந்தும்போகிறான். விலக்கியது அவன், ஆனால் நமக்குத் திரை விலகவில்லை. அதே காலத்து இன்னொரு ஜெர்மன் கவிஞர் நோவாலிஸ், இதே சாயிஸ் திரையை வைத்து நேர் எதிராக எழுதினார்: ஊரை விட்டுத் தேடிப்போன இளைஞன் திரையைத் தூக்கினால், ஊரில் விட்டுவந்த காதலியே அவன் கைகளில் விழுகிறாள். எனக்கு ஷில்லரைவிட இது பிடிக்கும் என்று சொல்லத் தயக்கமில்லை.

நம் நாட்டு எழுத்தில்?

உருது எழுத்தாளர் இஸ்மத் சுக்தாயின் 'கூங்கட்' (முக்காடு) சிறுகதையைத் தேடிப் படியுங்கள். காலே மியான் கறுப்பு, மணப்பெண் கோரிபி நல்ல சிவப்பு. ஊர் கேலி செய்கிறது. அவன் தன்மானம் அடிபடுகிறது. முதலிரவில், "நீயே முக்காட்டைத் தூக்கு" என்கிறான். புதுப்பெண் தானாகத் தூக்குவது வழக்கமில்லை. அவள் தூக்கவில்லை. அவன் வீட்டை விட்டே போய்விடுகிறான். கன்னி கழியாமல் அவள் கிழவியாகிறாள். சாகக் கிடக்கும்போது அவனை அவள் வந்து பார்க்கிறாள். அப்போதும் அதே வார்த்தைதான் அவன் வாயில். அவள் கை எழுவதற்குள் உயிர் போய்விடுகிறது. ஒரு முழத் துணி, இரண்டு பேரின் வறட்டுப் பிடிவாதம், இரண்டு முழு வாழ்க்கை. யார் தூக்க வேண்டும் என்ற கேள்வியை இவ்வளவு கூர்மையாக வேறு யாரும் எழுதி நான் படிக்கவில்லை.

அப்புறம் வங்காளத்தின் ரொக்கேயா சகாவத் உசேன். அவர் ஆங்கிலத்தில் எழுதிய 'சுல்தானாவின் கனவு' 1905-ல் நம் சென்னையிலிருந்து வந்த ஒரு பெண்கள் பத்திரிகையில்தான் வெளியானது. அதில் ஆண்கள் வீட்டுக்குள் அடைபட்டிருக்கிறார்கள். பெண்கள் சூரிய சக்தியில் நாட்டை நடத்துகிறார்கள். பிற்பாடு அவர் எழுதிய 'அவரோத்வாசினி' (1931) பர்தாவைப் பற்றிய 47 நிஜச் சம்பவங்களின் தொகுப்பு. ஒன்றில், ரயில் மாறும்போது புர்கா தடுக்கித் தண்டவாளத்தில் விழுந்த பெண்ணை, அந்நிய ஆண்கள் தொடக்கூடாது என்று வேலைக்காரி தடுத்துவிடுகிறாள். ரயில் கிளம்பிவிடுகிறது.

முகத்திரை என்றாலே இஸ்லாம் சம்பந்தப்பட்டதுதானே?

இல்லை. இஸ்லாத்துக்கு ஆயிரத்தைந்நூறு வருடங்களுக்கும் மேல் முந்திய அசீரியச் சட்டத்திலேயே இருக்கிறது: மனைவிமார் வெளியில் தலையை மூட வேண்டும், அடிமைப் பெண்ணும் விலைமகளும் மூடினால் தண்டனை. ரோமானிய மணப்பெண் தீ நிறத் துணி அணிந்தாள். கன்னியாஸ்திரிகள், ராஜஸ்தானத்து மருமகள்கள், சர்ச்சில் மணப்பெண்கள் என்று வரிசை நீளம். யார் மூட வேண்டும், யார் மூடக்கூடாது என்று அதிகாரம் எப்போதுமே முடிவு செய்து வந்திருக்கிறது.

கட்டாயப்படுத்தி விலக்கிய முகங்களைக் கலை பதிவு செய்திருக்கிறதா?

1960, அல்ஜீரிய விடுதலைப் போர். பிரெஞ்சு ராணுவத்தில் கட்டாயச் சேவையில் இருந்த மார்க் கராஞ்சே என்ற புகைப்படக்காரருக்கு ஓர் உத்தரவு வருகிறது: கிராமத்தாருக்கு அடையாள அட்டைப் படம் எடு. பத்து நாளில் ஏறத்தாழ 2,000 படங்கள், பெரும்பாலும் பெண்கள். வெள்ளைச் சுவர் முன் முக்காலியில் உட்கார வைத்து, திரையை எடுக்கச் சொன்னார்கள். மறுக்க வழியில்லை. ஆனால் கண்களைப் பாருங்கள். கேமராவை நேராக எரிப்பதுபோல் பார்க்கிறார்கள். அந்தப் பார்வைக்கு முதல் சாட்சி தான்தான் என்று கராஞ்சே உணர்ந்தார். 1982-ல் படங்களை நூலாக வெளியிட்டார். முகம் திறந்திருக்கிறது, ஆனால் எதுவும் நமக்குக் கிடைக்கவில்லை. சுக்தாயின் கதையையும் இந்தப் படங்களையும் அடுத்தடுத்துப் பார்த்தால் நான் சொல்ல வருவது விளங்கும்.

ஈரானியக் கலைஞர் ஷிரின் நேஷாத் 1990-களில் எடுத்த 'அல்லாவின் பெண்கள்' வரிசைப் படங்கள் வேறு மாதிரி. கறுப்புத் துணிக்கு வெளியே தெரியும் முகத்திலும் கையிலும் பாரசீகப் பெண் கவிகளின் வரிகளை மையால் எழுதினார். திறந்த தோலே இங்கே இன்னொரு திரையாகிவிடுகிறது.

தமிழ் மரபில் இதற்கு இணை உண்டா?

முகத்திரை என்று தேடினால் அதிகம் கிடைக்காது. ஆனால் அரங்குத் திரை நிறையவே உண்டு. சிலப்பதிகார அரங்கேற்று காதையில் "ஒருமுக எழினியும் பொருமுக எழினியும் கரந்துவரல் எழினியும்" என்று மூன்று வகைத் திரை வருகிறது: ஒரு பக்கமிருந்து இழுப்பது, இரு பக்கமிருந்தும் வந்து சேர்வது, மேலிருந்து இறங்குவது. தெருக்கூத்தில் இரண்டு பேர் ஒரு துணியைப் பிடித்து நிற்க, வேடக்காரர் அதற்குள்ளிருந்தே பாடி ஆடித் தன்னை அறிவிப்பார். கிரீடம் மட்டும் மேலே தெரியும். கூட்டம் நிமிர்ந்து உட்காரும். அங்கே திரை எப்போது விலக வேண்டும் என்பது வேடக்காரரின் கையில் இருக்கிறது.

வடலூர் இன்னொரு தளம். வள்ளலார் 1872-ல் தொடங்கிய சத்திய ஞான சபையில் ஜோதிக்கு முன்னால் ஏழு நிறத் திரைகள்: கறுப்பு, நீலம், பச்சை, சிவப்பு, பொன், வெண்மை, கலப்பு. தைப்பூசத்தன்று ஏழும் விலக, கூட்டம் ஜோதியைப் பார்க்கிறது. இந்தத் திரைகள் உயிரை மறைக்கும் சக்திகள் என்றும், அவற்றை விலக்குவது அருள் என்றும் சொன்னார் அவர். சாயிஸ் கோயிலில் உண்மையைக் காண்பது குற்றம். வடலூரில் எல்லோரையும் கூப்பிட்டுக் காட்டுகிறார்கள்.

நானே ஒரு கதையில் முகத்திரையைக் கொண்டுவர நினைக்கிறேன். எதைக் கவனிப்பது?

முதலில், துணியைத் துணியாக எழுதுங்கள். என்ன நெசவு, மூச்சில் அசைகிறதா, வியர்வையில் ஒட்டுகிறதா, சாப்பிடும்போது என்ன செய்கிறார்? ஹாதார்ன் கொட்டிய மதுவும் சான்மார்ட்டினோ செதுக்கிய நரம்பும்தான் மீதி எல்லாவற்றையும் தாங்குகின்றன. குறியீடு தானாக வரும்; நீங்கள் தூக்கிக்கொண்டு போக வேண்டாம்.

அடுத்து, கடைசி வரியில் திரையைத் தூக்கி அதிர்ச்சி தரும் ஆசையை விட்டுவிடுங்கள். மெழுகுப் பொம்மைதான் கிடைக்கும்.

முக்கியமாக, உள்ளேயிருந்து பாருங்கள். முகத்திரை பற்றிய எழுத்தில் பெரும்பகுதி வெளியே நின்று வெறித்துப் பார்ப்பது. அதை அணிந்திருப்பவருக்குத் தெரு எப்படித் தெரிகிறது, யாரை அவர் கவனிக்கிறார், யாருக்குத் தெரியாமல் சிரிக்கிறார் என்று எழுதியவர்கள் குறைவு. தமிழில் சல்மாவின் 'இரண்டாம் ஜாமங்களின் கதை' (2004) அடைபட்ட வீடுகளின் உள்ளேயிருந்து, அங்கேயே வளர்ந்த பெண்ணின் கண்ணால் எழுதப்பட்ட நாவல். அதைப் படித்துவிட்டு எழுத உட்காருங்கள்.